வழக்குக்கு முன் ஒரு கையெழுத்து

சைக்கிள் திருடியதாக ஒருவர்மீது புகார் வந்தால் காவல் நிலையம் முதல் தகவல் அறிக்கை பதிகிறது, விசாரிக்கிறது, குற்றப்பத்திரிகை தாக்கல் செய்கிறது. நடுவர் அதைப் படித்துப் பார்த்து வழக்கைக் கோப்புக்கு எடுக்கிறார். இவர்மீது வழக்கு நடத்தலாமா என்று இடையில் யாரிடமும் கேட்க வேண்டியதில்லை. குற்றம் சாட்டப்பட்டவர் அரசின் உயரதிகாரியாகவும் குற்றம் அவருடைய பணியோடு தொடர்புடையதாகவும் இருந்தால் இந்த வரிசையில் ஒரு கட்டம் கூடிவிடுகிறது. சாட்சியம் எவ்வளவு வலுவாக இருந்தாலும் அரசின் அனுமதி இல்லாமல் நீதிமன்றம் அந்த வழக்கைத் தொட முடியாது. கோப்பு தலைமைச் செயலகத்துக்கோ டெல்லிக்கோ போய்த் திரும்பி வர வேண்டும். ஆண்டுக்கணக்கில் திரும்பாத கோப்புகள் உண்டு. ‘அனுமதி மறுக்கப்படுகிறது’ என்ற ஒற்றை வரியோடு திரும்பியவையும் உண்டு.

1973ஆம் ஆண்டின் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் இது 197ஆம் பிரிவு. 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் இருக்கும் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் 218ஆம் பிரிவு. இப்படி ஒரு பாதுகாப்பு இருப்பதே தவறு என்று இந்தக் கட்டுரை சொல்லவில்லை. பாதுகாப்பு செயலுக்கு உரியது, ஆளுக்கு உரியதல்ல என்ற தெளிவான கோட்டை நம் நீதிமன்றங்கள் 1939இலேயே வரைந்துவிட்டன. அந்தக் கோட்டுக்கு எந்தப் பக்கம் ஒரு வழக்கு விழுகிறது என்று முடிவெடுக்கும் அதிகாரம் தவறான கைகளில் இருப்பதும், அந்த முடிவுக்குக் காரணமோ கெடுவோ வெகுகாலம் கேட்கப்படாமல் போனதும்தான் இன்றைய நிலைக்குக் காரணம்.

மருந்தும் பதிவேடும்

வழக்கு நடத்த முன்அனுமதி வேண்டும் என்ற விதி ஆங்கிலேய ஆட்சியில் வேர்விட்டது. 1898ஆம் ஆண்டின் குற்றவியல் நடைமுறைச் சட்டத்திலும் அது 197ஆம் பிரிவாகவே இருந்தது. வெள்ளை அரசின் அதிகாரியை உள்ளூர் நீதிமன்றத்தில் எளிதில் நிறுத்திவிடக் கூடாது என்ற கவலை அதில் இருந்தது. ஆனால் அந்தக் காலத்து நீதிபதிகளே அதை அகலமாகப் படிக்க மறுத்தார்கள்.

1939இல் ஃபெடரல் நீதிமன்றத்துக்கு வந்த ஹோரி ராம் சிங் வழக்கு அதற்குச் சான்று. பஞ்சாபில் அரசு மருத்துவமனை ஒன்றின் உதவி மருத்துவர் அவர். மருந்துகளைக் கையாடல் செய்தார் என்று ஒரு குற்றச்சாட்டு. மருந்து இருப்புப் பதிவேட்டில் பதிய வேண்டியதைப் பதியாமல் விட்டுக் கணக்கைப் பொய்யாக்கினார் என்று இன்னொன்று. சென்னை வழக்கறிஞர் உலகிலிருந்து சென்ற நீதிபதி வரதாச்சாரியார் உள்ளிட்ட அமர்வு இரண்டையும் பிரித்தது. மருந்தை வீட்டுக்கு எடுத்துப் போவது எந்த மருத்துவருக்கும் கடமையாக இருக்க முடியாது. ஆகவே அதற்கு அனுமதி தேவையில்லை. பதிவேட்டை எழுதுவது அவருடைய வேலை. அதில் நடந்த தவறு வேலைக்குள் நடந்த தவறு. ஆகவே அதற்கு அனுமதி வேண்டும். ஒரே ஆள், ஒரே மருந்து. ஆனால் செயலின் தன்மையைப் பார்த்துச் சட்டம் இரண்டு வழிகளில் போனது.

1948இல் கில் வழக்கில் லண்டன் பிரிவி கவுன்சில் இன்னும் கறாராகப் பேசியது. தீர்ப்புச் சொல்வது நீதிபதியின் கடமை, அதற்காக லஞ்சம் வாங்குவது கடமை ஆகாது. நோயாளியைச் சோதிப்பது மருத்துவரின் கடமை, சோதிக்கும்போது அவர் சட்டைப்பையில் கைவிடுவது கடமை ஆகாது. நான் என் பதவியின் பெயரால்தான் இதைச் செய்தேன் என்று ஒருவர் நியாயமாகச் சொல்லிக்கொள்ள முடிகிறதா என்பதே அளவுகோல் ஆயிற்று.

சுதந்திரத்துக்குப் பின், சட்டத்தின் முன் அனைவரும் சமம் என்னும் அரசியலமைப்பின் 14ஆம் உறுப்புக்கு இது முரண் அல்லவா என்ற கேள்வி எழுந்தது. 1955இல் மாதாஜோக் தோபே வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் அரசியல்சாசன அமர்வு பதில் சொன்னது. கொல்கத்தாவில் வருமான வரி தொடர்பான சோதனைக்கு வந்த அதிகாரிகள் தன்னைக் கயிற்றால் கட்டி அடித்தார்கள் என்பது ஒரு காவலாளியின் புகார். சோதனையிடும் அதிகாரம் உள்ளவருக்கு அதைத் தடுப்பவரை விலக்கும் அதிகாரமும் உண்டு, அடி அளவு மீறியதா என்பது பிறகு வரும் கேள்வி, வழக்குத் தொடங்கவே அனுமதி வேண்டும் என்று தீர்ப்பானது. கடமையைச் செய்வதனாலேயே பகை தேடிக்கொள்பவர் அரசு ஊழியர். ஒவ்வொரு சோதனைக்கும் ஒவ்வொரு கைதுக்கும் பழிவாங்கும் வழக்கைச் சந்திக்க வேண்டியிருந்தால் யாரும் வேலை செய்ய மாட்டார்கள் என்பது அதன் நியாயம். இந்த நியாயத்தைத் தள்ளிவிட முடியாது. மணல் லாரியைப் பிடிக்கும் வட்டாட்சியரையும் ஆக்கிரமிப்பை இடிக்கும் ஆணையரையும் பொய்ப் புகார்கள் துரத்துவதை நாம் கண்ணால் பார்க்கிறோம்.

ஆனால் அதே தீர்ப்பில் ஒரு நிபந்தனையும் இருக்கிறது. செயலுக்கும் கடமைக்கும் நியாயமான தொடர்பு இருக்க வேண்டும், தொடர்பு இருப்பதாகப் பாவனை செய்தால் போதாது. பிற்பாடு நடந்தவற்றில் பெரும்பாலும் விடுபட்டுப்போனது இந்த நிபந்தனைதான்.

அனுமதி தருவது யார்?

ஒரு மாநில அரசின் அதிகாரிமீது வழக்கு நடத்த மாநில அரசே அனுமதி தர வேண்டும். மத்திய அரசின் அதிகாரி என்றால் மத்திய அரசு. புகார் பல நேரங்களில் அந்த அதிகாரியோடு நிற்பதில்லை. அவருக்கு உத்தரவிட்டவர், உத்தரவை அறிந்தும் தடுக்காதவர், பிறகு மூடி மறைத்தவர் என்று மேலே ஏறுகிறது. மேலே இருப்பவரிடம்தான் அனுமதி கேட்க வேண்டியிருக்கிறது.

2021 டிசம்பர் 4 அன்று நாகாலாந்தின் மோன் மாவட்டத்தில் நிலக்கரிச் சுரங்க வேலை முடித்து ஓட்டிங் கிராமத்துக்குப் பிக்கப் வேனில் திரும்பிக்கொண்டிருந்தவர்கள்மீது ராணுவத்தின் சிறப்புப் படையினர் சுட்டார்கள். ஆறு பேர் இறந்தார்கள். கொதித்தெழுந்த ஊராரோடு அன்றிரவு நடந்த மோதலில் மேலும் பலர் கொல்லப்பட்டார்கள். தீவிரவாதிகள் என்று தவறாக நினைத்துவிட்டதாக மத்திய அரசே நாடாளுமன்றத்தில் ஒப்புக்கொண்டது. நாகாலாந்து காவல்துறை விசாரித்து ஒரு மேஜர் உட்பட 30 பேர்மீது குற்றப்பத்திரிகை தாக்கல் செய்தது. ஆயுதப்படைச் சிறப்பு அதிகாரச் சட்டத்தின் 6ஆம் பிரிவுப்படி மத்திய அரசின் அனுமதி தேவைப்பட்டது. 2023இல் மத்திய அரசு மறுத்துவிட்டது. 2024 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் அந்தக் குற்ற வழக்கின் நடவடிக்கைகளை முடித்துவைத்தது. அனுமதி எப்போதாவது கிடைத்தால் வழக்கைத் தொடரலாம் என்ற வாசல் மட்டும் திறந்திருக்கிறது. அந்த ஆறு பேரும் எப்படிச் சுடப்பட்டார்கள் என்று எந்தச் சாட்சியும் கூண்டேறிச் சொல்லவில்லை, எந்த வீரரும் தன் தரப்பைச் சொல்லும் வாய்ப்பைப் பெறவில்லை.

காஷ்மீரின் பத்ரிபல் இதற்கு முந்தையது. 2000 மார்ச் 25 அன்று கொல்லப்பட்ட ஐந்து பேரை வெளிநாட்டுத் தீவிரவாதிகள் என்றது ராணுவம். ஊராரின் போராட்டத்துக்குப் பின் உடல்கள் தோண்டியெடுக்கப்பட்டன. அவர்கள் உள்ளூர்க்காரர்கள் என்று தெரிந்தது. சிபிஐ விசாரித்து 2006இல் ராணுவத்தினர் ஐவர்மீது கொலைக் குற்றம் சாட்டியது. அனுமதி இல்லாமல் வழக்கு நடத்த முடியாது என்று 2012இல் உச்ச நீதிமன்றம் சொல்லி, ராணுவ நீதிமன்றமா சாதாரண நீதிமன்றமா என்று தேர்ந்துகொள்ளும் உரிமையை ராணுவத்திடமே விட்டது. ராணுவம் வழக்கைத் தன்னிடம் எடுத்துக்கொண்டது. 2014 ஜனவரியில் ஆதாரம் போதாது என்று மூடியது. ஒரு மத்திய அமைப்பு கொலை என்று சொன்னதை இன்னொரு மத்திய அமைப்பு மூடியது. பொது நீதிமன்றம் ஒன்று எடைபோட்டுச் சொல்ல வழியே இல்லாமல் போயிற்று.

இதில் இன்னொரு ஏற்றத்தாழ்வும் உண்டு, அதிகம் பேசப்படாதது. அரசின் அனுமதியோடு மட்டுமே பதவி நீக்கம் செய்யக்கூடியவர்களுக்குத்தான் 197ஆம் பிரிவின் பொதுவான பாதுகாப்பு. கடைநிலை ஊழியரை அவருடைய மேலதிகாரியே நீக்கிவிட முடியும். எனவே, தனி அறிவிக்கை மூலம் அரசு நீட்டித்தால் ஒழிய, அவருக்கு இந்தக் கவசம் கிடையாது. அடித்த காவலர் கூண்டில் நிற்பார். அடிக்கச் சொன்னவர்மீதான கோப்பு அனுமதிக்காகக் காத்திருக்கும்.

காத்திருப்பின் கணக்கு

2008 நவம்பரில் இரண்டாம் தலைமுறை அலைக்கற்றை ஒதுக்கீட்டில் அப்போதைய அமைச்சர் ஆ. இராசாமீது வழக்குத் தொடர அனுமதி கேட்டு சுப்பிரமணியன் சுவாமி பிரதமருக்குக் கடிதம் எழுதினார். சிபிஐ விசாரணை நடப்பதால் அனுமதி பற்றி யோசிப்பது அவசரப்படுவதாகும் என்ற பதில் 2010 மார்ச்சில்தான் வந்தது. 2012 ஜனவரி 31 அன்று உச்ச நீதிமன்றம் இந்தத் தாமதத்தைக் கண்டித்தது. ஊழல் வழக்குக்கு அனுமதி கேட்கும் உரிமை ஒவ்வொரு குடிமகனுக்கும் உண்டு என்று அறிவித்தது. நான்கு மாதத்துக்குள் முடிவு வராவிட்டால் அனுமதி தரப்பட்டதாகவே கொள்ளும்படி நாடாளுமன்றம் சட்டம் செய்யலாம் என்று நீதிபதி கங்குலி தம் தனித் தீர்ப்பில் பரிந்துரைத்தார். வழக்கு நடந்து 2017 டிசம்பரில் இராசா உட்பட அனைவரையும் விசாரணை நீதிமன்றம் விடுதலை செய்தது. இதை நாம் கவனிக்க வேண்டும். அனுமதி தருவது தண்டனை தருவதல்ல. குற்றம் சாட்டப்பட்டவருக்குத் தன் பெயரைத் திறந்த நீதிமன்றத்தில் மீட்டுக்கொள்ளும் வழியும் அதில்தான் இருக்கிறது.

நீதிபதி கங்குலியின் பரிந்துரையை ஒத்த விதி, சற்றுப் பரந்த வடிவில், புதிய சட்டத்தில் வந்திருக்கிறது. 218ஆம் பிரிவின்படி அனுமதி கேட்டு விண்ணப்பம் கிடைத்த 120 நாட்களுக்குள் அரசு முடிவெடுக்க வேண்டும். எடுக்காவிட்டால் அனுமதி கிடைத்ததாகவே கருதப்படும். 2013இல் நீதிபதி வர்மா குழுவின் அறிக்கைக்குப் பிறகு, பாலியல் வன்முறை உள்ளிட்ட சில குற்றங்களுக்கு அனுமதியே தேவையில்லை என்று சேர்த்த விளக்கமும் தொடர்கிறது. இரண்டும் வரவேற்க வேண்டிய முன்னேற்றங்கள்.

அதே சட்டம் வேறிடத்தில் புதுத் தடைகளை வைத்திருக்கிறது. காவல் நிலையம் புகாரை வாங்க மறுத்தால் நடுவரிடம் போகலாம் என்பது சாதாரண மனிதருக்கு இருந்த வழி. இப்போது பணி தொடர்பான குற்றம் செய்ததாக ஒரு பொது ஊழியர்மீது புகார் வந்தால், அவருடைய மேலதிகாரியிடமிருந்து அறிக்கை பெற்று, அந்த ஊழியர் சொல்வதையும் கேட்ட பிறகே விசாரணைக்கு உத்தரவிடலாம் என்கிறது 175ஆம் பிரிவின் நான்காம் உட்பிரிவு. நடுவர் புகாரை நேரடியாகக் கோப்புக்கு எடுக்கவும் 223ஆம் பிரிவு இதே போன்ற நிபந்தனையை விதிக்கிறது. சட்டத்தின் இறுதிக் கட்டத்தில் 120 நாள் கெடு வந்திருக்கிறது. தொடக்கக் கட்டத்தில், கெடு எதுவும் இல்லாமல், மேலதிகாரியின் அறிக்கை வந்து உட்கார்ந்திருக்கிறது.

ஊழல் வழக்குகளிலும் இதே ஊசலாட்டம். இணைச் செயலாளர் நிலையிலும் அதற்கு மேலும் உள்ளவர்களை விசாரிக்க முன்அனுமதி வேண்டும் என்ற விதியை உச்ச நீதிமன்றம் 2014இல் செல்லாது என்றது. உயர்ந்தவருக்கு ஒரு விதி, தாழ்ந்தவருக்கு ஒரு விதி என்ற பாகுபாடு கூடாது என்பது அதன் வாதம். 2018இல் நாடாளுமன்றம் ஊழல் தடுப்புச் சட்டத்தில் 17ஏ பிரிவைச் சேர்த்து, எல்லா நிலை ஊழியருக்கும், பணி முடிவுகள் தொடர்பான விசாரணைக்கு முன்ஒப்புதல் வேண்டும் என்று ஆக்கியது. பாகுபாட்டை நீக்கச் சொன்னால் கவசத்தை எல்லாருக்கும் விரித்து நீக்கினார்கள்.

நீதிபதியின் பாதுகாப்பு

நீதிபதிக்குப் பாதுகாப்பு வேண்டும் என்பதில் இரண்டு கருத்து இருக்க முடியாது. தோற்ற தரப்பெல்லாம் தீர்ப்பெழுதியவர்மீது வழக்குப் போட முடியுமென்றால் அச்சமில்லாத தீர்ப்பு எங்கிருந்து வரும்? 1850ஆம் ஆண்டின் நீதி அலுவலர் பாதுகாப்புச் சட்டமும் 1985ஆம் ஆண்டின் நீதிபதிகள் பாதுகாப்புச் சட்டமும் இதற்காகவே உள்ளன. ஆனால் இங்கேயும் கோடு செயலைச் சுற்றித்தான். 1965இல் அன்வர் ஹுசைன் வழக்கில், நடுவராகவும் கோட்ட அலுவலராகவும் இருந்த ஒருவர் மேலதிகாரியின் சொல்கேட்டு ஒருவரைக் கைது செய்ய வைத்ததை உச்ச நீதிமன்றம் ஆராய்ந்தது. அவர் அப்போது நீதி வழங்கவில்லை, நிர்வாகத்தின் கையாளாக நடந்தார், ஆகவே 1850 சட்டத்தின் பாதுகாப்பு அவருக்கு இல்லை என்றது.

உயர் நீதிமன்ற, உச்ச நீதிமன்ற நீதிபதிகள் விஷயத்தில் வழி காட்டியது சென்னையில் தொடங்கிய ஒரு வழக்கு. சென்னை உயர் நீதிமன்றத் தலைமை நீதிபதியாக இருந்த கே. வீராசாமிமீது வருமானத்துக்கு மீறிச் சொத்துச் சேர்த்ததாக 1976இல் சிபிஐ வழக்குப் பதிந்தது. உயர் நீதிமன்ற நீதிபதிக்கு ஊழல் தடுப்புச் சட்டமே பொருந்தாது என்பது அவர் வாதம். 1991 ஜூலையில் ஐந்து நீதிபதிகள் அமர்வின் பெரும்பான்மை அதை ஏற்கவில்லை. நீதிபதியும் பொது ஊழியரே, குடியரசுத் தலைவரின் அனுமதியோடு வழக்கு நடத்தலாம் என்றது. கூடவே, இந்தியத் தலைமை நீதிபதியைக் கலந்தாலோசிக்காமல் முதல் தகவல் அறிக்கைகூடப் பதியக் கூடாது என்று சட்டப் புத்தகத்தில் இல்லாத ஒரு காப்பையும் சேர்த்தது. நீதித்துறையின் சுதந்திரத்தை அரசிடமிருந்து காப்பது அதன் நோக்கம்.

அந்த நோக்கத்துக்கு நாம் கொடுத்த விலையை 2025 மார்ச்சில் நாடு பார்த்தது. டெல்லி உயர் நீதிமன்ற நீதிபதி யஷ்வந்த் வர்மாவின் அரசு இல்லத்தில் தீப்பிடித்து, எரிந்த ரூபாய் நோட்டுகள் கிடைத்ததாகச் செய்தி வந்தது. அவர் குற்றச்சாட்டை மறுத்தார். சாதாரண வீட்டில் இப்படி நடந்திருந்தால் அன்றிரவே வழக்குப் பதிந்திருப்பார்கள். இங்கே உச்ச நீதிமன்றத்தின் உள்விசாரணைக் குழு அமைந்தது. ஆகஸ்ட் மாதம் மக்களவைத் தலைவர் 1968ஆம் ஆண்டின் நீதிபதிகள் விசாரணைச் சட்டப்படி மூவர் குழுவை அமைத்தார். பதவி நீக்கத்துக்கான பாதை அது. குற்றத்துக்கான பாதை வேறு, அது வீராசாமி தீர்ப்பின் வாசலில் நின்றது.

பதவி நீக்கப் பாதையும் எளிதல்ல. 1993இல் நீதிபதி வி. ராமசாமிமீதான தீர்மானத்துக்கு ஆதரவாக 196 வாக்குகள் விழுந்தன, எதிராக ஒன்றும் இல்லை. ஆனால் ஆளுங்கட்சியினரும் அதன் தோழமைக் கட்சியினருமாக 205 பேர் வாக்களிக்காமல் இருந்ததால் தீர்மானம் தோற்றது. 2011இல் நீதிபதி சௌமித்ர சென்மீதான தீர்மானம் மாநிலங்களவையில் நிறைவேறியது. மக்களவைக்கு வருமுன் அவர் பதவி விலகினார். 2025 வரை இந்த வழியில் ஒரு நீதிபதியும் நீக்கப்படவில்லை.

தவறாகச் சிறைப்பட்டவருக்கு யார் பதில்?

பொறுப்புக்கூறல் என்பது குற்றம் செய்த அதிகாரியைத் தண்டிப்பதோடு முடிவதில்லை. தவறான வழக்கால் வாழ்க்கை இழந்தவருக்கு ஈடு செய்வதும் அதில் அடங்கும். இந்த இடத்தில் நம் சட்டம் ஏறத்தாழ வெறுங்கையோடு நிற்கிறது.

பேரறிவாளனின் வழக்கை நாம் இந்தக் கோணத்தில் போதிய அளவு யோசிக்கவில்லை. ராஜீவ் காந்தி கொலை வழக்கில் 1991 ஜூனில் 19 வயதில் கைதானார். இரண்டு ஒன்பது வோல்ட் பேட்டரிகள் வாங்கித் தந்தார் என்பது அவர்மீதான முக்கியக் குற்றச்சாட்டு. தடா சட்டத்தின்படி அவருடைய ஒப்புதல் வாக்குமூலத்தைப் பதிந்தவர் சிபிஐ காவல் கண்காணிப்பாளர் தியாகராஜன். எதற்காக அந்த பேட்டரிகள் என்று தனக்குத் தெரியாது என்று பேரறிவாளன் சொன்னதைத் தாம் எழுதாமல் விட்டுவிட்டதாக, ஓய்வுபெற்ற பிறகு 2013இல் அவர் வெளிப்படையாகச் சொன்னார். 2017இல் உச்ச நீதிமன்றத்தில் பிரமாணப் பத்திரமாகவும் தாக்கல் செய்தார். மனச்சாட்சியோடு உண்மையைச் சொல்ல முன்வந்ததை மதிக்க வேண்டும். ஆனால் ஒரு மனிதனைத் தூக்குமேடை வரை கொண்டுபோன ஆவணத்தில் ஒரு வாக்கியம் விடுபட்டால் என்ன நடக்க வேண்டும் என்பதற்கு நம் நடைமுறையில் பதிலே இல்லை. 2022 மே 18 அன்று உச்ச நீதிமன்றம் அவரை விடுதலை செய்ததும், அமைச்சரவைப் பரிந்துரையின்மீது ஆளுநர் காட்டிய தாமதம் முதலியவற்றை வைத்து, 142ஆம் உறுப்பின் சிறப்பு அதிகாரத்தால்தான். விடுபட்ட அந்த வாக்கியம் கடைசிவரை எந்தத் தீர்ப்பின் அடித்தளமாகவும் ஆகவில்லை.

நாகர்கோவிலில் பிறந்த இஸ்ரோ விஞ்ஞானி நம்பி நாராயணன் 1994 நவம்பர் இறுதியில் உளவுக் குற்றச்சாட்டில் கைதானார். 1996இல் சிபிஐ வழக்கில் உண்மை இல்லை என்றது. 2018இல் உச்ச நீதிமன்றம் 50 லட்சம் ரூபாய் இழப்பீடு வழங்கச் சொல்லி, அதிகாரிகளின் பங்கை ஆராயக் குழுவும் அமைத்தது. அவரைச் சிக்கவைத்ததாகச் சொல்லப்படும் முன்னாள் அதிகாரிகள்மீது சிபிஐ வழக்குப் பதிந்தது 2021இல், கைதுக்கு 26 ஆண்டுகளுக்கு மேல் கழித்து. அவர் நாடறிந்த விஞ்ஞானி, விடாமல் போராடும் வலு உள்ளவர். அந்த வலு இல்லாதவர்களின் கதை வேறு. பிகாரில் ருதுல் ஷா 1968இல் விடுதலைத் தீர்ப்புப் பெற்ற பிறகும் 14 ஆண்டுகள் சிறையிலேயே கிடந்தார். 1983இல் உச்ச நீதிமன்றம் முதல்கட்டமாக வழங்கச் சொன்னது 30,000 ரூபாய். அக்ஷர்தாம் கோயில் தாக்குதல் வழக்கில் தூக்குத் தண்டனை பெற்றவர்கள் உட்பட ஆறு பேரை 2014இல் உச்ச நீதிமன்றம் விடுதலை செய்தது. புலனாய்வைக் கடுமையாகக் குறை சொன்னது. அவர்கள் இழப்பீடு கேட்டபோது 2016இல் மறுத்துவிட்டது.

காரணமில்லாமல் ஒருவரைக் கைது செய்ய வைத்தவரிடமிருந்து நடுவர் பெற்றுத்தரக்கூடிய இழப்பீட்டுக்குச் சட்டம் வைத்திருக்கும் உச்சவரம்பு ஆயிரம் ரூபாய். 2018 ஆகஸ்டில் சட்ட ஆணையம் தன் 277ஆம் அறிக்கையில், தவறான வழக்குகளுக்கு இழப்பீடு வழங்கத் தனி நீதிமன்றங்களோடு கூடிய சட்டம் வேண்டும் என்று பரிந்துரைத்தது. அரசுகள் அதைச் சட்டமாக்கவில்லை.

2014 ஜனவரியில் கிஷன்பாய் வழக்கில் உச்ச நீதிமன்றம் இன்னொரு வழி சொன்னது. ஆறு வயதுச் சிறுமியைக் கொன்ற வழக்கில் புலனாய்வு ஓட்டைகளால் குற்றம் சாட்டப்பட்டவர் விடுதலையானார். ஒவ்வொரு விடுதலையும் இரண்டில் ஒன்று: குற்றவாளி தப்பினார், அல்லது நிரபராதி துன்புற்றார். இரண்டிலும் யாரோ தவறியிருக்கிறார்கள். ஆகவே எல்லா மாநில உள்துறைகளும் விடுதலைத் தீர்ப்புகளைக் குழு வைத்து ஆராய்ந்து, தவறிய புலனாய்வு அதிகாரிகள், அரசு வழக்கறிஞர்கள்மீது துறை நடவடிக்கை எடுக்க வேண்டும் என்று ஆணையிட்டது. இதை உண்மையாக நடைமுறைப்படுத்தினால், தண்டனை இல்லாமலேயே காவல் நிலையத்தின் பழக்கங்கள் மாறும். தான் எழுதிய மகஜர் ஐந்து ஆண்டு கழித்து மீண்டும் படிக்கப்படும் என்று தெரிந்த அதிகாரி கவனத்தோடு எழுதுவார்.

வாச்சாத்தி காட்டியது

தருமபுரி மாவட்டம் அரூர் வட்டத்தில், சித்தேரி மலையடிவாரத்தில் இருக்கிறது வாச்சாத்தி. 1992 ஜூன் 20 அன்று சந்தன மரக் கடத்தலைத் தேடுவதாக வனத்துறை, காவல்துறை, வருவாய்த்துறையினர் ஊருக்குள் புகுந்தார்கள். மக்களை ஆலமரத்தடியில் திரட்டி அடித்தார்கள். 18 பெண்களைப் பாலியல் வன்முறைக்கு ஆளாக்கினார்கள். வீடுகளைச் சூறையாடினார்கள். தானியத்தைக் கொட்டினார்கள், கிணற்றைப் பாழாக்கினார்கள். வந்தவர்கள் அனைவரும் அரசுப் பணியாளர்கள், அலுவல் உத்தரவோடு வந்தவர்கள். இதையெல்லாம் கடமை என்று சொல்லிக்கொள்ள முடியாது என்பதை நிலைநாட்ட, மலைவாழ் மக்கள் சங்கமும் மார்க்சிஸ்ட் கட்சியும் உயர் நீதிமன்றம் வரை போக வேண்டியிருந்தது. 1995இல் வழக்கு சிபிஐக்கு மாறியது.

269 பேர் குற்றம் சாட்டப்பட்டார்கள். 2011 செப்டம்பர் 29 அன்று தருமபுரி அமர்வு நீதிமன்றம் தீர்ப்பளித்தபோது 54 பேர் இறந்துபோயிருந்தார்கள். எஞ்சிய 215 பேரும் குற்றவாளிகள் என்று தீர்ப்பானது. 2023 செப்டம்பர் 29 அன்று சென்னை உயர் நீதிமன்ற நீதிபதி வேல்முருகன் அதை உறுதி செய்தார். தீர்ப்புக்கு முன் அவரே ஊருக்குச் சென்று பார்த்திருந்தார். பாதிக்கப்பட்ட பெண்களுக்குத் தலா 10 லட்சம் ரூபாய் தரவும், அதில் பாதியைக் குற்றவாளிகளிடமிருந்து வசூலிக்கவும் உத்தரவிட்டார். அன்றைய மாவட்ட ஆட்சியர், காவல் கண்காணிப்பாளர், மாவட்ட வன அலுவலர்மீதும் நடவடிக்கை எடுக்கச் சொன்னார்.

இந்தக் கடைசி வரி முக்கியமானது. மேலே இருந்தவர்களைக் கேள்வி கேட்க 31 ஆண்டுகள் ஆயின. இழப்பீட்டில் பாதி தவறு செய்தவர்களின் பையிலிருந்து வர வேண்டும் என்பதும் முக்கியமானது. மற்ற வழக்குகளில் பெரும்பாலும் இழப்பீடு கருவூலத்திலிருந்து போகிறது. அதாவது அதிகாரி செய்த தவறுக்குக் குடிமக்கள் வரிப்பணத்தால் ஈடு செய்கிறார்கள்.

என்ன செய்ய வேண்டும்?

பாதுகாப்பைக் குறைத்தால் நேர்மையான அதிகாரி அஞ்சுவார் என்ற வாதத்துக்கு நேராகவே பதில் சொல்லலாம். நல்லெண்ணத்தோடு சட்டப்படி செயல்பட்டவரைக் காக்கும் பொது விதிவிலக்குகள் பாரதிய நியாய சன்ஹிதாவில் ஏற்கெனவே இருக்கின்றன. ஆதாரமற்ற வழக்கிலிருந்து ஆரம்பத்திலேயே விடுவிக்கும் அதிகாரமும் நீதிமன்றத்துக்கு உண்டு. நேர்மையான அதிகாரிக்குத் தேவை விரைவான, நடுநிலையான வடிகட்டல். அதைத் தர அரசைவிட நீதிமன்றம் தகுதியானது.

முதலில், அனுமதி பற்றிய முடிவை அரசின் கையிலிருந்து எடுத்து, மாவட்ட அமர்வு நீதிபதியிடமோ உயர் நீதிமன்றம் நியமிக்கும் நிலையான குழுவிடமோ ஒப்படைக்க வேண்டும். மறுத்தால் காரணத்தை எழுதி, புகார் கொடுத்தவருக்கு நகல் தர வேண்டும். 120 நாள் கெடு ஆயுதப்படைச் சிறப்பு அதிகாரச் சட்டத்துக்கும் பொருந்த வேண்டும். நடுவரிடம் வரும் புகாரில் மேலதிகாரியின் அறிக்கைக்கும் ஒரு கெடு வேண்டும், அது வராவிட்டால் நடுவர் தானே மேற்செல்ல முடிய வேண்டும். நீதிபதிகள்மீதான புகார்களுக்கு, நீதித்துறையின் சுதந்திரத்தை விட்டுக்கொடுக்காத, முடிவுகளை வெளியிடும் நிலையான அமைப்பு வேண்டும். சட்ட ஆணையத்தின் 277ஆம் அறிக்கை சட்டமாக வேண்டும்.

புலனாய்வில் இன்னொன்றும் வேண்டும். 2021இல் உச்ச நீதிமன்றம் வகுத்த குற்ற விசாரணை நெறிமுறைகள், அரசுத் தரப்பு தன் வழக்குக்குப் பயன்படுத்தாமல் விட்ட வாக்குமூலங்கள், ஆவணங்களின் பட்டியலையும் குற்றம் சாட்டப்பட்டவருக்குத் தரச் சொல்கின்றன. தனக்குச் சாதகமான ஒரு வாக்கியம் எங்கோ ஒரு கோப்பில் கிடக்கிறது என்று குற்றம் சாட்டப்பட்டவருக்குத் தெரியவரும் ஒரே வழி அது. ஒவ்வொரு விசாரணை நீதிமன்றமும் அந்தப் பட்டியலைக் கேட்டு வாங்க வேண்டும். வேண்டுமென்றே மறைத்தவர்மீது நடவடிக்கை எடுக்க யாருடைய அனுமதியும் தேவையில்லை என்று சட்டம் தெளிவாகச் சொல்ல வேண்டும். வாக்குமூலத்தைத் திரிப்பது எந்த அதிகாரிக்கும் கடமையாக இருக்க முடியாது. 1939இல் மருந்துக்கும் பதிவேட்டுக்கும் இடையே கோடு கிழித்த நீதிமன்ற மரபுக்கு இந்த அடுத்த படி ஏறும் வலு உண்டு. ஏற வேண்டியது நாடாளுமன்றம். அதை ஏறச் சொல்லிக் கேட்க வேண்டியவர்கள், எந்த அனுமதியும் இல்லாமல் எவராலும் வழக்குத் தொடரப்படக்கூடிய நாம்.